நாற்பத்தேழாம் தாள்

மார்ச் 3

மதிப்பிற்குரிய ஐயா அவர்களுக்கு,

தாங்கள் இருபத்திரண்டு ஆண்டுகளுக்கு முன் பதிப்பித்த ‘மதில் காதை’யின் மூலப்பிரதி, எண்ணூறு ஆண்டுப் பழைய அயல்நாட்டுத் தோல்சுவடி, எங்கள் நூலகத்தின் பைண்டிங் பிரிவுக்கு வந்திருக்கிறது. அட்டை கழன்று, முதுகு பிளந்துவிட்டது. பழைய தையலைப் பிரித்து, தோல் தாள்களைச் சுத்தம் செய்து, மறுபடி தைத்து, பசை போட்டு முடிக்க வேண்டும் என்பது உத்தரவு. ஏப்ரல் 30 கடைசி நாள். இந்த முறை போடப்போவது பழைய மாவுப் பசை அல்ல. ஒட்டிய பிறகு தாளைக் கிழிக்காமல் பிரிக்க முடியாது.

தையலைப் பிரித்தபோது ஒரு சந்தேகம் எழுந்தது. கிணற்றடிக் காட்சி உள்ள ஒற்றைத் தாள் இப்போது நாற்பத்திரண்டாவதாக இருக்கிறது. அது இருக்கவேண்டிய இடம் நாற்பத்தேழு என்று தெரிகிறது. அச்சுப் பதிப்பின் வரிசையை மாற்றித் தைக்க வேண்டுமானால் பதிப்பாசிரியரின் ஒப்புதல் தேவை என்பது இங்கே விதி. படிவம் இணைத்துள்ளேன். காரணம் எழுதும் கட்டத்தையும் நிரப்பி, கையொப்பமிட்டு அனுப்பும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
பொறுப்பாளர், பைண்டிங் பிரிவு

பி.கு: தாளின் மேல் மூலையில் பேனாவால் எழுதிய 42 இன்னும் போகவில்லை. மூன்று வகைக் கரைசல் போட்டுப் பார்த்தாயிற்று.

*

மார்ச் 11

பைண்டிங் பிரிவுப் பொறுப்பாளர் அவர்களுக்கு,

கடிதத்தை டைப் அடித்துவிட்டுப் பின்குறிப்பைக் கையால் எழுதியது தவறு. அந்தக் கையெழுத்தை நான் மூன்று ஆண்டுகள் எதிர் நாற்காலியில் உட்கார்ந்து தலைகீழாகப் படித்தவன். ‘ஐயா’, ‘தாங்கள்’ எல்லாம் எதற்கு? என்னைக் கேலி செய்ய வேண்டுமென்றால் நேராகவே செய்யலாம். அந்தத் தைரியம் உங்களுக்கு எப்போதும் இருந்ததில்லை.

ஒப்புதல் தர முடியாது. என் முன்னுரை, பக்கம் பதினொன்று, இரண்டாம் பத்தி: ‘இத்தாள் நூலின் இறுதியில் தையலின்றிக் கிடந்தது, பொருள் நோக்கி உரிய இடத்தில் சேர்க்கப்பட்டது.’ இருபத்திரண்டு ஆண்டுகளாக இதை யாரும் கேள்வி கேட்டதில்லை. கேட்கத் தகுதியுள்ளவர்கள் என்று நான் மதிக்கிற நான்கு பேரும் கேட்டதில்லை.

நூலைத் தைக்கிறவருக்குக் கதை மறந்திருக்கலாம் என்பதால் சொல்கிறேன். கோட்டை முற்றுகையில் இருக்கிறது. கோட்டைத் தலைவன் காய்ச்சலில் இறந்துவிடுகிறான். செய்தி வெளியே போனால் கோட்டை விழும். அவன் மனைவி பிணத்தை உப்பு அறையில் மறைத்துவிட்டு, அவனுடைய கவசத்தை மாட்டிக்கொண்டு மதில்மேல் நிற்கிறாள். தலைவனின் இளமைக்கால நண்பன் துணைக்கு வருகிறான். கிணற்றடியில் அவள் தலைக்கவசத்தைக் கழற்றித் தண்ணீர் குடிக்கும்போது முகத்தைப் பார்த்துவிடுகிறான். உண்மை தெரிகிறது. அதன் பிறகு மதில்மேல் அவளிடம் தன் காதலைச் சொல்கிறான். ஓர் ஆண், ஒரு பெண், ஒரு காதல். கிணறு முன்னால், காதல் பின்னால். இதில் என்ன சந்தேகம்?

வேறொன்றும் தெரிந்துகொள்ளுங்கள். எங்கள் துறையின் தலைமைப் பதவி காலியாகிறது. பதினாறு ஆண்டுகள் அந்த நாற்காலியில், துறையில் எல்லோரும் கண்ணாடிக்காரர் என்று அழைக்கிறவர் உட்கார்ந்திருந்தார், இரண்டரைக் கட்டுரைகளையும் ஒரு செல்வாக்குள்ள சம்பந்தியையும் வைத்துக்கொண்டு. எனக்குக் கொடுத்தது கழிப்பறைக்குப் பக்கத்து அறை. ஏப்ரல் 22 நேர்காணல். நான் அங்கே கொண்டுபோகப் போவது ஒரே ஒரு புத்தகம். அதை இப்போது பிரித்துப் போடச் சொல்கிறீர்கள். நேரம் பார்த்துத்தான் எழுதியிருக்கிறீர்கள்.

படிவத்தைத் திருப்பி அனுப்பியிருக்கிறேன். நிரப்பவில்லை.

*

மார்ச் 19

டேய் சிடுமூஞ்சி,

சரி, டைப் அடிக்கவில்லை. ‘ஐயா’வும் இல்லை. உன் நேர்காணல் எனக்கு எப்படித் தெரியும்? இந்தப் புத்தகத்தைப் பிரிக்கச் சொன்னது நானும் இல்லை. மழைக்காலத்தில் அலமாரிக்குள் தண்ணீர் இறங்கியது. அவ்வளவுதான்.

படிவத்தை மறுபடி அனுப்பியிருக்கிறேன். என்னிடம் இன்னும் பதினெட்டு இருக்கிறது.

என் பக்கத்தைச் சொல்கிறேன். உன் அளவுக்குப் படிப்பு எனக்குக் கிடையாது. நீ படிக்கப் படிக்கக் கேட்டு எழுதியவன், பிறகு தைத்தவன். எனக்குத் தெரிந்தது ஊசி போன வழி. அதைவிட நன்றாகத் தெரிந்தது புழு போன வழி. இந்தப் புத்தகத்தில் ஒரு புழு பின்னட்டையைத் துளைத்துக்கொண்டு உள்ளே வந்திருக்கிறது. ஒவ்வொரு தாளாக முன்னேறி, இப்போதைய எண்ணில் நாற்பத்தாறாவதில் செத்தோ சலித்தோ நின்றுவிட்டது. நாற்பத்தைந்தில் துளை இல்லை. நாற்பத்து நான்கில் இல்லை. நாற்பத்து மூன்றில் இல்லை. நாற்பத்தொன்றில் இல்லை. ஆனால் உன் ‘நாற்பத்திரண்டில்’ துளை இருக்கிறது. நாற்பத்தேழிலும் நாற்பத்தெட்டிலும் இருக்கிற அதே துளை, அதே இடம், நடுவான அளவு. அந்தத் தாளை அங்கிருந்து எடுத்து இந்த இரண்டுக்கும் இடையில், நாற்பத்தேழாவதாக, வைத்துப் பின்னால் விளக்கைப் பிடித்தால் ஒளி நேராக வருகிறது. புழு நடுவில் மூன்று தாளைத் தாண்டிக் குதிக்காது. அதற்கு இலக்கியக் கொள்கை எதுவும் கிடையாது.

இது அன்றைக்கே உனக்குத் தெரியும். நான்தான் காட்டினேன். தாள் கடைசியில் கிடக்கவும் இல்லை. அதன் இடத்திலேயே இருந்தது. தையல் மட்டும் அறுந்திருந்தது.

கதையும் எனக்கு மறக்கவில்லை. நண்பன் மதில்மேல் பேசும்போது கவசத்துக்குள் இருப்பது தன் நண்பன் என்றே நினைத்துப் பேசுகிறான். ‘பதினான்கு போர்களில் உன் பக்கத்தில் நின்றேன். ஒவ்வொன்றிலும் பிழைத்தது உன்னை மறுபடி பார்க்கலாம் என்பதற்காக. உன் கல்யாண விருந்தில் எல்லோரையும்விடச் சத்தமாகச் சிரித்தது நான். நாளைக்குச் செத்தால் இது வாய்க்குள் இருந்தபடி சாக வேண்டாம்.’ கவசம் பதில் பேசவில்லை. மறுநாள்தான் கிணற்றடி. அப்போதுதான் முகத்தைப் பார்க்கிறான். நண்பன் செத்துப் பன்னிரண்டு நாள் ஆகிவிட்டது. தான் சொன்னது வேறொரு காதுக்குப் போய்விட்டது.

காதல் முன்னால், கிணறு பின்னால்.

அந்தக் கல்யாண விருந்து வரிக்கு நீ ஒரு அடிக்குறிப்பு போட்டாயே: ‘பெண்ணின் வேடத்தைப் பிறர் அறியாதிருக்க, நண்பனிடம் பேசுவதுபோல் பேசுகிறான்.’ மதில்மேல் அவர்கள் இருவரையும் தவிர வேறு யாரும் இல்லையேடா!

ஊசி

*

மார்ச் 27

ஊசிக்கு,

அந்தப் பெயரை எழுதவே எனக்குப் பிடிக்கவில்லை. வேறெப்படி அழைப்பது என்றும் தெரியவில்லை.

நீ தாளைப் பற்றி எழுதவில்லை. என்னைப் பற்றி எழுதுகிறாய். புழுவையும் விளக்கையும் காட்டி, கடைசியில் எங்கே கொண்டுபோய் நிறுத்தப் பார்க்கிறாய் என்று எனக்குத் தெரியாதா? அந்த மொட்டைமாடியில்தானே?

சரி, பேசுவோம். டைப்ரைட்டர் பழுதுபார்க்கும் கடைக்கு மேலே நாம் இருந்த அறை. மேலே மாடி. ஞாயிற்றுக்கிழமை, பதினொரு மணி இருக்கும். நீ துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாய். உனக்குப் பெண் பார்த்திருக்கிறார்கள் என்று உன் அண்ணன் கடிதம் போட்டிருந்தார். அதைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தோம். அப்போது நீ என் கையைப் பிடித்தாய். ஈரக் கை. பிடித்தபடியே நின்றாய். நான் அதிர்ந்துபோனேன். நீ இப்படிப்பட்டவன் என்று எனக்கு அதுவரை தெரியாது. தெரிந்த பிறகு அங்கே இருக்க முடியவில்லை. நான்கு நாளில் அறையை மாற்றிக்கொண்டேன். இதில் என் தவறு என்ன?

கல்லூரி அச்சகத்தில் உன் வேலை போனதற்கு நான் காரணம் என்று சொல்லிக்கொண்டு திரிந்தாயாம். ஏன் அறையை விட்டு வந்தாய் என்று கேட்டார்கள். நடந்ததைச் சொன்னேன். அதை அவர்கள் எங்கே கொண்டுபோனார்கள் என்பது என் பொறுப்பா?

இந்தக் கடிதத்தை இது நான்காவது முறையாக எழுதுகிறேன். என் மனைவி பள்ளியில் கணக்கு ஆசிரியை. மேசையின் மறுமுனையில் விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தாள்.

“யாருக்கு?” என்றாள்.

“பழைய ரூம்மேட். புத்தகம் சம்பந்தமா ஒரு சந்தேகம் கேட்டிருக்கான்.”

“சந்தேகத்துக்கு நாலு தடவை எழுதிக் கிழிப்பாங்களா யாராவது? எனக்கு நிச்சயம் பண்ணப்போ நீங்க ஒரே ஒரு லெட்டர்தான் போட்டீங்க. அதுலயும் பாதி உங்க புத்தகம்தான்.”

சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். ஆனால் சிவப்புப் பேனாவை மூடி வைத்துவிட்டாள்.

இனி எழுதாதே.

*

ஏப்ரல் 4

சிடுமூஞ்சி,

எழுதாதே என்று சொல்ல மூன்று பக்கம் எழுதியிருக்கிறாய்.

கையைப் பிடித்தேன். ஆமாம். ஈரக் கைதான். அதற்கு முன்னால் ஒரு தாள் விட்டுப்போயிருக்கிறது. நானே வைத்துவிடுகிறேன்.

நீ தண்ணீர்த் தொட்டிமேல் உட்கார்ந்திருந்தாய். கையில் என் சட்டை, அதைப் பிழிந்து தரவேண்டியது உன் வேலை. ஐந்து நிமிடமாக ஒரே சட்டையைப் பிழிந்துகொண்டிருந்தாய். “பொண்ணு எப்படியாம்?” என்று கேட்டாய். “நல்லா இருக்காளாம், தையல் தெரியுமாம்” என்றேன். “அப்ப வீட்டுல ரெண்டு ஊசி” என்றாய். நான் சிரித்தேன். நீ சிரிக்கவில்லை. பிறகு தலையைக் குனிந்துகொண்டு சொன்னாய். அப்படியே எழுதுகிறேன், ஒரு எழுத்து மாறவில்லை:

“நீ போயிட்டா நான் யாருக்குடா படிச்சுக் காட்டுவேன்? எனக்கு இந்தப் புத்தகம்லாம் ஒண்ணும் வேணாம். சாயங்காலம் கதவைத் தொறந்தா நீ இருக்கணும். அவ்வளவுதான்டா. வேற எதையும் நான் நெனச்சதே இல்ல.”

சட்டையின் கைப்பட்டன் தெறித்து விழுந்தது. அப்போதுதான் உன் கையைப் பிடித்தேன்.

முதலில் பேசியவன் நீ. எனக்கும் அதே எண்ணம் இருந்ததா என்றால், இருந்தது. எவ்வளவு நாளாக என்று கேட்காதே. ஆனால் நான் வாயைத் திறந்திருக்க மாட்டேன். எனக்கு அந்தத் தைரியம் எப்போதும் இருந்ததில்லை என்று நீயே எழுதியிருக்கிறாய். அதுமட்டும் சரி.

அறையை மாற்றிய வாரத்தில் நீ அச்சகத்துக்கு வந்தாய். உன்னோடு துறைக்காரர் ஒருவரும் இருந்தார். என்னை ‘நீங்கள்’ என்றாய். இந்தத் தாளை நாற்பத்திரண்டில் வைத்துத் தையுங்கள் என்றாய். பாக்கெட்டிலிருந்து பேனாவை எடுத்து, எண்ணூறு வருஷத்துத் தோலில் மையால் எண் போட்டாய். எனக்குத் தெரிந்த ஆட்களிலேயே அந்தக் காரியத்தைச் செய்யக்கூடாது என்று நன்றாகத் தெரிந்தவன் நீதான்.

நான் தைத்தேன். அது என் குற்றம். உன் தலையில் போடவில்லை. ஆனால் மற்ற தாள்களைத் தைத்தமாதிரி தைக்கவில்லை. ஒற்றை இழை, ஒரே முடிச்சு. இழுத்தால் வந்துவிடும். எப்போதாவது நீ வந்து எடுத்துவிடு என்பாய் என்று நினைத்தேன். போன மாதம் இழுத்தேன். ஒரே இழுப்பில் வந்தது.

ஒன்று சொல்லிவிடுகிறேன். உனக்காகக் காத்துக்கொண்டிருந்தேன் என்று பெருமைப்பட்டுக்கொள்ளாதே. அந்தப் பெண்ணை நான் கட்டவில்லை. அது அவளுக்கு நல்லது. இங்கே வந்த பிறகு ரயில்வே எழுத்தர் ஒருவரோடு ஒன்பது வருஷம் ஒரே வீட்டில் இருந்தேன். நல்ல மனுஷர். சத்தமாகக் குறட்டை விடுவார். மாற்றலாகிப் போனார், பிறகு கடிதம் குறைந்தது, பிறகு நின்றது. அதில் எனக்கு வருத்தம் உண்டு, குழப்பம் இல்லை. உன் விஷயத்தில்தான் குழப்பம். அப்படிப் பேசியவனா அப்படிச் செய்தான் என்று இன்னமும் பிடிபடவில்லை.

வேலை போனதைப் பற்றி நான் யாரிடமும் பேசியதில்லை. பேச ஆள் எங்கே இருந்தார்கள்?

ஊசி

*

ஏப்ரல் 12

ஊசி,

நான்கு நாளாக உன் கடிதம் என் பையில் இருக்கிறது. வகுப்புக்கு எடுத்துப்போகிறேன், திரும்பக் கொண்டுவருகிறேன்.

நீ எழுதிய அந்த வாக்கியங்களை நான் சொன்னதாக எனக்கு நினைவில்லை என்றுதான் முதல் நாள் எழுதினேன். அது பொய். கிழித்துவிட்டேன். நினைவிருக்கிறது என்று இரண்டாம் நாள் எழுதினேன். அதுவும் முழு உண்மை இல்லை. எனக்கு நினைவிருப்பது பட்டன். அது உருண்டு போய்த் தொட்டிக்கும் சுவருக்கும் நடுவில் விழுந்தது. அதைத் தேடுவதுபோல் நான் குனிந்தேன், உன் முகத்தைப் பார்க்காமல் இருக்க. பேசியது நினைவில்லை, பேசி முடித்த பிறகு இருந்தது நினைவிருக்கிறது. இப்படி ஒரு மறதி உண்டா?

நான் எப்படிப்பட்டவன் என்று எனக்குத் தெரியவில்லை. நாற்பத்தொன்பது வயதில் இதை எழுதக் கூச்சமாக இருக்கிறது. வேறு எந்த ஆணையும் பார்த்து எனக்கு எதுவும் தோன்றியதில்லை. தெருவில், வகுப்பில், எங்கும் இல்லை. என் மனைவியை எனக்குப் பிடிக்கும், கடமைக்காக அல்ல. அப்படியென்றால் அது என்ன? கவசத்தின் மேல் வந்ததா, உள்ளே இருந்தவர்மேல் வந்ததா? அந்தக் காலத்துக் கதைகளில் ஆணுடை போட்ட பெண் மேலும், பெண்ணுடை போட்ட ஆண் மேலும் காதல் வந்துகொண்டே இருக்கிறது. கவிஞர்கள் யாரும் பதறுவதில்லை. ‘இஃது இடைக்கால மரபு’ என்று இருபத்து மூன்று ஆண்டுகளாக வகுப்பில் சொல்லிவிட்டு அடுத்த பாட்டுக்குப் போய்விடுகிறேன். ஒருத்தி போன வருஷம் எழுந்து கேட்டாள்: “சார், மரபு சரி. அவனுக்கு என்ன ஆச்சு?” உட்காரச் சொன்னேன்.

என் கோபம் எல்லாம் கண்ணாடிக்காரர்மேல் என்றுதான் நினைத்திருந்தேன். அவர்மேல் ஏன் இத்தனை கோபம் என்று நேற்று யோசித்தேன். அன்றைக்கு அச்சகத்துக்கு என்னோடு வந்தவர் அவர்தான். ‘ஏன் ரூமை விட்டு வந்துட்டீங்க?’ என்று முதலில் கேட்டவரும் அவர்தான். அவர் கேட்டார், அவ்வளவே. உன்னை விற்றவன் நான். வாங்கியவர்மேல் பதினாறு வருஷம் எரிந்துகொண்டிருந்தேன்.

இப்படியெல்லாம் எழுதினாலும் படிவத்தில் என்னால் கையெழுத்துப் போட முடியவில்லை. தாள் இடம் மாறினால் முன்னுரை பொய் என்றாகும். இருபத்து இரண்டாம் தேதி நான் அந்த அறைக்குள் என்ன சொல்லிக்கொண்டு நுழைவது? நேர்காணல் முடியட்டும். மே மாதம் போடுகிறேன். ஒரு மாதம் தள்ளிவைக்க உனக்கு வழியில்லையா?

*

ஏப்ரல் 16

சிடுமூஞ்சி,

வழியில்லை. மே மாதம் பிரதி கண்காட்சிக்குப் போகிறது. முப்பதாம் தேதிக்குள் உன் படிவம் வராவிட்டால் விதிப்படி அச்சுப் பதிப்பின் வரிசையில், நாற்பத்திரண்டாகவே தைத்து ஒட்டுவேன். ஒற்றை இழை விளையாட்டு இந்த முறை கிடையாது. பொறுப்பாளர் என்று போர்டு மாட்டியிருக்கிறார்கள். இரண்டு தடவை ஒரே தப்பைச் செய்ய வேண்டியிருந்தால் இந்தத் தடவை கேட்டுக்கொண்டு செய்கிறேன், அவ்வளவுதான்.

உன்னை மிரட்டவில்லை. பதவி உனக்கு வேண்டும் என்பது எனக்குப் புரிகிறது. கழிப்பறைக்குப் பக்கத்தில் பதினாறு வருஷம் என்பது சின்ன விஷயமா? நான் கெஞ்சப் போவதுமில்லை.

தாளைச் சுத்தம் செய்யும்போது கீழ் விளிம்பு தெளிந்துவிட்டது. கடைசி நான்கு வரி. அன்றைக்கு நாம் பாதிதான் படிக்க முடிந்தது, நினைவிருக்கிறதா? கறையாக இருந்ததே. இப்போது முழுதாகத் தெரிகிறது. எனக்கு அந்தப் பழைய மொழி துருப்பிடித்துவிட்டது. ஆனாலும் முயன்றேன்.

நண்பன் கிணற்றடியில் அழுகிறான். யாருக்காக அழுகிறோம் என்று தெரியாமல் அழுதான் என்கிறது பாட்டு. செத்த நண்பனுக்கா, வீணாய்ப் போன வார்த்தைக்கா, இந்த முகத்தைப் பார்த்த பிறகும் நெஞ்சு அதே மாதிரி அடித்துக்கொள்கிறதே அதற்கா? அவள் சொல்கிறாள்: ‘நீங்கள் சொன்னதை அவருக்குப் பதிலாக நான் வாங்கிக்கொண்டேன். திருப்பித் தரவா, வைத்துக்கொள்ளவா?’

இதுவரை நாம் படித்தோம். அவன் என்ன பதில் சொன்னான் என்பது கறைக்குள் போய்விட்டது. நீ உன் பதிப்பில் ‘வைத்துக்கொள்’ என்று அவன் சொன்னதாக ஊகித்து எழுதினாய்.

அவன் அப்படிச் சொல்லவில்லை. பதிலே சொல்லவில்லை. தரையில் கிடந்த தலைக்கவசத்தை எடுத்துத் துடைத்து, தன் கையாலேயே அவள் தலையில் மாட்டுகிறான். மாட்டிவிட்டுக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நிற்கிறான். அத்தோடு தாள் முடிகிறது.

கோட்டையைக் காப்பாற்றவா, இன்னும் ஒருமுறை நண்பனைப் பார்த்துக்கொள்ளவா? எனக்குத் தெரியவில்லை. நீதான் படித்தவன்.

ஊசி

*

ஏப்ரல் 24

ஊசி,

இருபத்தொன்றாம் தேதி உன் கடிதம் வந்தது. மனைவியிடம் கொடுத்தேன். உன்னுடைய எல்லாக் கடிதங்களையும், முதலிலிருந்து வரிசையாக. சமையலறை மேசையில் உட்கார்ந்து படித்தாள். விடைத்தாள் படிக்கிற மாதிரியேதான், ஓரத்தில் விரலை வைத்துக்கொண்டு. நான் பாத்திரம் கழுவினேன். கழுவியதையே மறுபடி கழுவினேன்.

முடித்துவிட்டு என் புத்தகத்தைக் கொண்டுவரச் சொன்னாள். பக்கம் பதினொன்று.

“அப்ப இது பொய்யா?”

“ஆமா.”

“விடையை முன்னாடியே முடிவு பண்ணிட்டு அதுக்கேத்த மாதிரி வழி எழுதியிருக்கீங்க. எங்க பாடத்துல இதுக்கு மார்க் கிடையாது.”

“உனக்கு என் மேல கோபம் இல்லையா?”

“இருக்கு. எதுக்குன்னு பிரிச்சுப் பாக்கணும். டைம் குடுங்க.” புத்தகத்தை மூடிவிட்டுச் சொன்னாள்: “இருபது வருஷமா உங்க கோபத்தோடதான் குடும்பம் நடத்துறேன். சாம்பார் சூடு இல்லைன்னாலும் கோபம், பேப்பர் லேட்டா வந்தாலும் கோபம். அது எங்க ஆரம்பிச்சதுன்னு தெரியாம என் மேலதான்னு நெனச்சுட்டு இருந்தேன். அப்படி இல்லைன்னு தெரிஞ்சா எனக்குக் கொஞ்சம் நிம்மதிதான். ஆனா இதை எனக்கு அந்த மனுஷன் எழுதித்தான் தெரியணுமா?”

அவள் படுக்கப் போய்விட்டாள். படிவம் மேசையில் இருந்தது.

மறுநாள் நேர்காணல். மூன்று பேர். நடுவில் கண்ணாடிக்காரர், ஓய்வுபெறப் போகிறவர் என்ற மரியாதையில். என் புத்தகம் அவர் முன்னால் இருந்தது. “இது ஒண்ணு போதும் சார் உங்களுக்கு. வேற எதுவும் கேக்க வேண்டியதில்ல” என்றார். கேலியாகச் சொல்லவில்லை. பதினாறு வருஷத்தில் அந்த மனிதர் என்னிடம் சொன்ன முதல் நல்ல வார்த்தை. அது எனக்கு இனித்தது, ஊசி. அதை மறைக்கவில்லை. வாயை மூடிக்கொண்டு எழுந்து வந்திருந்தால் போதும்.

“இதுல ஒரு தாள் தப்பான இடத்துல இருக்கு” என்றேன்.

“எந்த நூல்லதான் பிழை இல்ல?”

“பிழை இல்ல சார். தெரிஞ்சேதான் மாத்தினேன். மாத்தினதை மறைக்க முன்னுரையில பொய் எழுதினேன்.”

வலது பக்கம் இருந்த அம்மையார் கேட்டார்: “இப்ப எதுக்கு இதைச் சொல்றீங்க?”

முப்பதாம் தேதிக்குப் பிறகு பசை காய்ந்துவிடும் என்றேன். அவர்களுக்குப் புரியவில்லை. கண்ணாடிக்காரர் மட்டும் என்னைக் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்கு அச்சகம் நினைவுக்கு வந்திருக்க வேண்டும். “அந்த பைண்டர் இப்ப எங்க இருக்கார்?” என்று மெதுவாகக் கேட்டார். சொன்னேன். தலையாட்டிவிட்டுப் புத்தகத்தை மூடினார்.

பதவி யாருக்கு என்று இன்னும் அறிவிக்கவில்லை. எனக்கு இல்லை என்பதற்கு அறிவிப்பு தேவையில்லை. விடுதலை அடைந்தேன் என்றெல்லாம் எழுத மாட்டேன். நேற்றுக்கூட வாசலில் நின்று, போய் எல்லாவற்றையும் மறுத்துவிடலாமா என்று யோசித்தேன்.

அவன் ஏன் தலைக்கவசத்தை மாட்டினான் என்று கேட்டிருந்தாய். எனக்கும் தெரியவில்லை. படித்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: தெரியவில்லை. கவிஞனுக்கும் தெரிந்திருக்காது. தெரிந்திருந்தால் இன்னும் ஒரு வரி எழுதியிருப்பான். அந்த இடத்தில் ‘வைத்துக்கொள்’ என்று எழுதியவன் நான். எனக்கு ஏதாவது ஒரு பதில் தேவையாக இருந்தது.

படிவம் இணைத்திருக்கிறேன். காரணம் என்ற கட்டத்தில் நான்கு பெட்டிகள் இருந்தன: ஈரம், புழு, பழைய தையல், பிற. ‘பிற’ என்பதில் குறியிட்டிருக்கிறேன். கீழே எழுதியிருப்பது இது:

‘இத்தாள் கண்டெடுக்கப்பட்டபோது தன் இடத்திலேயே, நாற்பத்தேழாவதாக இருந்தது. பதிப்பாசிரியர் அச்சத்தால் அதை நகர்த்தினார். தைத்தவர் அவர் கேட்டுக்கொண்டபடி தைத்தார், அவர்மீது குற்றமில்லை. முதலில் பேசியவர் பதிப்பாசிரியர்.’

பட்டனை நான் பிறகு எடுத்துவிட்டேன், உனக்குத் தெரியாது. எங்கே வைத்தேன் என்பது மட்டும் நினைவுக்கு வரவில்லை. வீடு முழுக்கத் தேடிக்கொண்டிருக்கிறேன். மனைவி கேட்டாள், என்ன தேடுறீங்க என்று. சொன்னேன். அவளும் ஒரு டப்பாவைத் திறந்து பார்த்தாள்.

நான் அங்கே வந்தால் அந்தத் தாளைப் பார்க்க விடுவார்களா? வந்து என்ன பேசுவது என்று தெரியாது. வராமல் இருக்கவும் தெரியவில்லை.

*

ஏப்ரல் 30

சிடுமூஞ்சி,

படிவம் இருபத்தெட்டாம் தேதி வந்தது. கடைசி வாக்கியம் இந்த அலுவலகத்துக்குச் சம்பந்தமில்லாதது என்று மேலதிகாரி அடிக்கச் சொன்னார். மூலப் படிவத்தில் திருத்தம் செய்ய விதியில்லை என்று சொல்லிவிட்டேன். அப்படியே கோப்பில் போய்விட்டது.

இன்று காலை தைத்தேன். நாற்பத்தேழு. நான்கு இழை, இரட்டை முடிச்சு. பிறகு பசை. காயும்வரை பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன். இனி யாரும் நகர்த்த முடியாது, நீயும் சேர்த்து. விளக்கைப் பிடித்துப் பார்த்தேன். துளை நேராக இருக்கிறது.

உன் 42 மட்டும் மூலையில் அப்படியே இருக்கிறது. அதை எடுக்க முயற்சி செய்வதை நிறுத்திவிட்டேன். எடுத்தால் தோல் போய்விடும்.

என்ன பேசுவது என்று எனக்கும் தெரியாது. நூலகம் காலை ஒன்பதரைக்குத் திறக்கும். அடையாள அட்டை கொண்டுவா. பேனாவுக்கு உள்ளே அனுமதி இல்லை. பென்சில் நான் தருகிறேன்.

ஊசி